செவ்வாய்க்கிழமை ராத்திரி 2 மணி

தம்பி, நீங்கள் கேட்டதை முதலில் என் வார்த்தையில் திருப்பிச் சொல்கிறேன், சரியாகப் புரிந்துகொண்டேனா என்று பாருங்கள். மலேசியாவில் சுங்கை சிப்புட்டில் உங்கள் அப்பா நடத்தும் மளிகைக் கடைக்குச் செவ்வாய்க்கிழமை விடுமுறை. அது தெரிந்த எவனோ, நீங்கள் எழுதியிருக்கிறபடி, "செவ்வாய்க்கிழமை ராத்திரி 2 மணிக்கு" பின்பக்கப் பூட்டை உடைத்திருக்கிறான். பக்கத்து வீட்டுப் பாட்டி நாய் குரைத்த சத்தத்தில் எழுந்து மணி பார்த்திருக்கிறார். சிகரெட், கல்லாவில் கிடந்த சில்லறை, டாப்-அப் போடும் கைப்பேசி, மூன்று மூட்டை அரிசி போய்விட்டன. காலையில் அப்பா போய் ரிப்போர்ட் கொடுத்தார். ஐ.ஓ., அதாவது விசாரணை அதிகாரி, வந்தார், நாலு படம் எடுத்தார். எதிரே இருக்கும் இரும்புக் கடையின் கேமராவில் அந்த நேரத்தில் ஒரு பூனைகூடப் போகவில்லை என்று சொல்லிவிட்டுப் போனார். கைரேகைப் பொடி தூவவில்லை. 26 நாள் ஆகிவிட்டது. ஆனால் அம்மா தினமும் பார்க்கிற குற்ற நிகழ்ச்சியில் விளம்பரம் போக 40 நிமிடத்தில் கொலைகாரனையே பிடித்துவிடுகிறார்கள். "டிவியில் காட்டுவது பொய்யா, நம்ம போலீஸ் சோம்பேறியா?" இதுதானே கேள்வி?

டிவியைப் பற்றிக் கேட்பதுபோல் கேட்டிருக்கிறீர்கள். உண்மையில் கேட்பது, அப்பாவை நம்பவைத்து அனுப்பிவிட்டார்களா, இனி ஏதாவது நடக்குமா என்பதுதான் என்று எனக்குப் படுகிறது. டிவியைப் பற்றிய முதல் கேள்விக்கு என்னால் ஓரளவு உறுதியாகப் பதில் சொல்ல முடியும். இரண்டாவதற்கு முழுப் பதில் என்னிடம் இல்லை. ஆனால் நீங்கள் எழுதியதில் ஒரு வரி எனக்கு உறுத்துகிறது. அதற்குக் கடைசியில் வருகிறேன், தயவுசெய்து அதுவரை படியுங்கள்.

நான் போலீஸ்காரன் இல்லை. 29 வருடம் பேராக்கில் பல மாஜிஸ்திரேட், செஷன்ஸ் நீதிமன்றங்களில் தமிழ் ஜுருபாசாவாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக இருந்து ஓய்வு பெற்றவன். சாட்சிக் கூண்டுக்குப் பக்கத்தில் நின்று, தமிழில் வருவதை மலாயிலும் சில சமயம் ஆங்கிலத்திலும் சொல்லி, கேள்வியைத் திரும்பத் தமிழில் கேட்பது என் வேலை. பிறந்தது ரப்பர் தோட்டத்து லயத்தில், அம்மா பால்மரம் வெட்டியவர். அதனால் சாட்சி சொல்ல வருகிறவர்களின் பேச்சு எனக்கு வீட்டுப் பேச்சு. விசாரணை அறைக்குள் என்ன நடக்கிறது என்பதை நான் பார்த்ததில்லை. அங்கிருந்து வெளியே வந்த காகிதம் கோர்ட்டில் எப்படி நின்றது, எப்படிக் கிழிந்தது என்பதைத்தான் பார்த்திருக்கிறேன். நான் சொல்வதை அந்த அளவுக்கே எடுத்துக்கொள்ளுங்கள்.

டிவி நேரத்தைச் சுருக்குவதை நான் குற்றமாகச் சொல்லமாட்டேன். 1999இல் அரசு டிவியான ஆர்.டி.எம்.மில் 'கெராக் காஸ்' என்கிற போலீஸ் தொடர் தொடங்கியபோது நானும் தவறாமல் உட்கார்ந்தவன்தான். அதற்கு முந்தின வருடம் இந்தியாவில் 'சி.ஐ.டி.', அடுத்த வருடம் அமெரிக்காவில் 'சி.எஸ்.ஐ.' என்று வரிசையாக வந்தன. எல்லாவற்றிலும் கதவு உடையும், ஒருவன் ஓடுவான், இன்னொருவன் துரத்துவான். நம் நாட்டு நிஜக் கணக்கைச் சொல்கிறேன். 2010 ஆகஸ்டு கடைசியில் பந்திங் பக்கம் தஞ்சோங் சிப்பாட்டில் ஒரு பண்ணைத் தோட்டத்தில் அழகுசாதனத் தொழிலதிபர் சோசிலாவதியும் அவரோடு போன மூவரும் கொல்லப்பட்டார்கள். உடல்களை எரித்துச் சாம்பலை ஆற்றில் கொட்டிவிட்டார்கள். முழு உடல் என்று ஒன்றுகூடக் கிடைக்காத அந்த வழக்கில் உயர்நீதிமன்றத் தீர்ப்பு வந்தது 2013இல். மேல்முறையீடெல்லாம் முடிந்து கூட்டரசு நீதிமன்றம் வாய் திறந்தபோது 2017. நாடே கண்கொட்டாமல் பார்த்த வழக்குக்கே ஆறரை வருடம். அரிசி மூட்டைக்கு என்ன அவசரம் இருக்கும், நீங்களே யோசியுங்கள். இதைச் சமாதானமாகச் சொல்லவில்லை, நிலவரம் அப்படி.

அடுத்தது விஞ்ஞானம். கைரேகைப் பொடி தூவாதது உங்களுக்குப் பெரிய குறையாகத் தெரிகிறது. ரேகை நன்றாக விழுவது கண்ணாடி, பளபளப்பான பெயிண்ட், வழவழப்பான பிளாஸ்டிக் மாதிரியான பரப்புகளில். துருப்பிடித்த பூட்டு, சீவாத பலகை, சாக்கு, இதிலெல்லாம் பெரும்பாலும் ஒன்றும் எடுக்க முடியாது. எடுத்தாலும், ரேகை "இவன் தொட்டான்" என்று சொல்லுமே தவிர எப்போது தொட்டான் என்று சொல்லாது. மளிகைக் கடை மேசையில் ஊரே கை வைத்திருக்கும். கல்லாப் பெட்டியின் உள்பக்கத்தையாவது பார்த்திருக்கலாம் என்றுதான் எனக்கும் தோன்றுகிறது. ஆனால் அந்தப் பெட்டியைப் போலீஸ் வருவதற்கு முன்பே அப்பா துடைத்துப் பார்த்து எண்ணியிருந்தால் அதுவும் வீண். ரேகை பொருந்திவிட்டது என்பதும் டிவியில் வருவதுபோல் திரையில் பச்சை விளக்கு எரிகிற சமாச்சாரம் இல்லை. கணினி சில பெயர்களை எடுத்துக்கொடுக்கும், கடைசியில் ஒரு மனிதர் உட்கார்ந்து ஒப்பிட்டுத் தீர்மானிக்க வேண்டும். 2004இல் ஸ்பெயினில் மாட்ரிட் ரயில் குண்டுவெடிப்புக்குப் பிறகு, அமெரிக்காவின் எஃப்.பி.ஐ. நிபுணர்கள் ஒரு பையிலிருந்த ரேகையை ஓரிகன் மாநிலத்து வழக்கறிஞர் ஒருவருடையது என்று அடித்துச் சொல்லி அவரைப் பிடித்து வைத்தார்கள். ஸ்பெயின் போலீஸ் அது வேறு ஒருவருடையது என்று காட்டிய பிறகு மன்னிப்புக் கேட்டார்கள். உலகத்திலேயே பெரிய தடய ஆய்வுக்கூடங்களில் ஒன்றில் நடந்த கதை இது. கொலை வழக்கில் "ராத்திரி பத்துக்கும் பதினொன்றுக்கும் நடுவில் இறந்திருக்கிறார்" என்று டிவி டாக்டர் சொல்வாரே, எங்கள் கோர்ட்டுக்கு வந்த டாக்டர்கள் யாரும் அப்படிச் சொல்லிக் கேட்டதில்லை. உடம்புச் சூடு 37, வெளிச் சூடு 28, 30 என்று இருக்கிற நாட்டில் உடல் எவ்வளவு ஆறியிருக்கிறது என்பதை வைத்து மணிக்கணக்குச் சொல்வது கஷ்டம். பல மணி நேர இடைவெளி விட்டுத்தான் சொல்வார்கள்.

இந்த நிகழ்ச்சிகளைப் பார்க்கிறவர்கள் கோர்ட்டில் விஞ்ஞானச் சாட்சியத்தை அதிகமாக எதிர்பார்க்கிறார்களா என்று அமெரிக்காவில் ஆராய்ந்திருக்கிறார்கள். 2006இல் மிச்சிகன் மாநிலத்தில் ஒரு நீதிபதியும் அவரோடு சேர்ந்த ஆய்வாளர்களும் ஜூரிக்கு அழைக்கப்பட்ட சுமார் 1,000 பேரைக் கேட்டார்கள். 46 சதவீதம் பேர் எல்லாக் குற்ற வழக்கிலும் ஏதாவது ஒரு விஞ்ஞானச் சாட்சியம் இருக்கும் என்று எதிர்பார்த்தார்கள். ஆனால் அது இல்லாவிட்டால் 'சி.எஸ்.ஐ.' பார்க்கிறவர்கள் பார்க்காதவர்களைவிட அதிகமாக விடுதலை செய்துவிடுவார்கள் என்று தெளிவாகக் காட்ட முடியவில்லை. நம் நாட்டில் 1995 ஜனவரியிலிருந்து ஜூரியே கிடையாது, நீதிபதி தனியாக முடிவெடுத்துக் காரணம் எழுத வேண்டும். அதனால் டிவியின் பாதிப்பு இங்கே தீர்ப்பில் தெரிவதில்லை, வராந்தாவில் தெரியும். ஒருமுறை ஒரு பையனை டி.என்.ஏ.ஏ. கொடுத்து அனுப்பினார்கள். குற்றமற்றவன் என்று தீர்க்காமல் இப்போதைக்கு விடுவிப்பது அது, பிறகு மறுபடியும் குற்றம் சாட்டலாம். வெளியே வந்த அவன் அத்தை பெஞ்சில் இருந்த அத்தனை பேரிடமும் "டி.என்.ஏ. வந்துருச்சு, எங்க பிள்ள செய்யலன்னு மிஷினே சொல்லிருச்சு" என்று அழுதுகொண்டே சொன்னார். திருத்த எனக்கு வாய் வரவில்லை. அந்த வழக்கில் ரத்த மாதிரிகூட யாரும் எடுக்கவில்லை.

டிவி செய்கிற காரியங்களில் எனக்குக் கோபம் வருவது ஒப்புதல் வாக்குமூலக் காட்சியில்தான். மங்கலான விளக்கு, மேசையைத் தட்டும் அதிகாரி, கடைசியில் அவன் உடைந்து "நான்தான் செஞ்சேன்" என்பான், படம் முடிந்தது. நம் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 113ஆம் பிரிவு 2007இல் மாறியதிலிருந்து, விசாரணையின்போது போலீஸிடம் சொன்ன அந்த வார்த்தையைப் பொதுவாக அவனுக்கு எதிரான சாட்சியமாகக் கொண்டுவரவே முடியாது. போதைப்பொருள் போன்ற சில சட்டங்களில் விதிவிலக்கு உண்டு. இன்னொரு வழி, சாட்சியச் சட்டத்தின் 27ஆம் பிரிவு: அவன் சொன்னதை வைத்து ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், கண்டெடுக்கக் காரணமான அந்தப் பகுதி மட்டும் உள்ளே வரும். "கத்தியை அல்லூரில் போட்டேன்" என்று அவன் காட்டி, அந்தச் சாக்கடையில் கத்தி கிடைத்தால் அது நிற்கும். வெறும் "நான்தான்" நிற்காது. ஏன் சட்டம் இவ்வளவு சந்தேகப்படுகிறது என்பது நம் ஆட்களுக்கு விளக்கத் தேவையில்லை. 2009இல் குகன் என்கிற இளைஞர் போலீஸ் லாக்கப்பில் இறந்தார். முதல் பிரேதப் பரிசோதனை நுரையீரலில் நீர் கோத்ததால் மரணம் என்றது. குடும்பம் போராடிச் செய்யவைத்த இரண்டாவது பரிசோதனை, அடிபட்டுத் தசை சிதைந்து சிறுநீரகம் செயலிழந்ததால் மரணம் என்றது. தாயார் போட்ட சிவில் வழக்கில் 2013இல் உயர்நீதிமன்றம் போலீஸையும் அரசாங்கத்தையும் பொறுப்பாக்கியது. மேசையைத் தட்டுகிற காட்சியை யாராவது ரசித்துப் பார்க்கும்போது எனக்கு இதுதான் நினைவுக்கு வரும். அமெரிக்கத் தொடரைப் பார்த்துவிட்டு "எனக்கு மிராண்டா வாசிக்கவில்லை" என்று சொன்ன இளவட்டங்களையும் பார்த்திருக்கிறேன். கைதாகிறவனுக்கு அவன் உரிமைகளைப் போலீஸ் சொல்ல வேண்டும் என்று அங்கே 1966இல் வந்த தீர்ப்பு அது. இங்கே கைது செய்யப்பட்டவன் கேட்க வேண்டியது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 28ஏ பிரிவு: ஏன் பிடித்தீர்கள், வீட்டுக்குச் சொல்ல வேண்டும், வழக்கறிஞரிடம் பேச வேண்டும். இந்த எண்ணை ஒரு தமிழ்த் தொடராவது சொல்லிக்கொடுத்திருக்கலாம்.

இனி, நான் நிஜமாகவே அறிந்த விஷயத்துக்கு வருகிறேன். டிவியில் வராதது இதுதான். ஒரு மனிதர் பேசுவது காகிதமாகிறதே, அந்த இடம். 29 வருடத்தில் நான் பார்த்த வழக்குகளில் பாதிக்கு மேல் நின்றதும் விழுந்ததும் அங்கேதான் என்று தைரியமாகச் சொல்வேன். சாட்சி தோட்டத்துத் தமிழில் சொல்வார். எழுதுகிற அதிகாரி மலாயில் எழுதுவார். நடுவில் பாதித் தமிழ் தெரிந்த ஒருவர் உதவி செய்வார், சில நேரம் சாட்சியின் பத்து வயதுப் பேரனே செய்வான். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 112ஆம் பிரிவின்படி எடுக்கும் அந்த வாக்குமூலத்தைத்தான் 112 ஸ்டேட்மென்ட் என்பார்கள். வழக்கு வருவது ஒரு வருடமோ இரண்டு வருடமோ கழித்து. அப்போது கூண்டில் நின்று சொல்வதும் அந்தக் காகிதத்தில் இருப்பதும் ஒத்துப்போகவில்லை என்றால் எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்குத் திருவிழா.

ஒன்று சொல்கிறேன். ஒரு செம்பனைத் தோட்டத்தில் தீமிதித் திருவிழா முடிந்த ராத்திரி இரண்டு இளைஞர்களுக்குள் சண்டை. சம்சு என்கிற மலிவுச் சாராயம் உள்ளே போயிருந்தது. ஒருவனுக்கு விலாவில் ஓர் அங்குல நீளத்துக்குக் கிழிசல், தையல் போட்டிருந்தார்கள். குற்றச்சாட்டு தண்டனைச் சட்டத்தின் 324ஆம் பிரிவு, ஆயுதத்தால் காயப்படுத்தியது, 10 வருடம் வரை போகலாம். கத்தி கிடைக்கவில்லை. முக்கிய சாட்சி, அந்தத் தோட்டத்தில் ஆயாக் கொட்டகையில் பிள்ளைகளைப் பார்த்துக்கொண்ட ஒரு பாட்டி. அவருடைய ஸ்டேட்மென்டில் 'தீகாம்' என்று இருந்தது, கத்தியால் குத்துவது. கூண்டில் ஏறிய பாட்டி தெளிவாகச் சொன்னார்: "இவன் அவன் விலாவுல ஓங்கிக் குத்துனான் சாமி." நான் மலாயில் சொல்ல வாயெடுத்து நின்றுவிட்டேன். தமிழில் கத்தியால் குத்தினாலும் குத்துதான், கை முட்டியால் குத்தினாலும் குத்துதான். மலாயில் அது 'தீகாம்', இது 'தும்போக்', இரண்டு தனிச் சொல். மாஜிஸ்திரேட்டிடம் அனுமதி கேட்டு, "எதால குத்துனான் பாட்டி?" என்று கேட்டேன். பாட்டி என்னை ஒரு மாதிரி பார்த்தார், இதுகூடத் தெரியாதா இவனுக்கு என்கிற பார்வை. வலது கையை மூடி முஷ்டியாகத் தூக்கிக் காட்டினார். "கையாலதான், வேற எதால?" குத்து வாங்கியவன் பின்னால் சாய்ந்து சாமிப் பந்தலின் தகரத் தடுப்பில் விழுந்திருக்கிறான், கிழித்தது தகரம். டி.பி.பி., அதாவது அரசுத் தரப்பு வழக்கறிஞர், பேனாவை மூடி வைத்தார். குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் கேட்டார், போலீஸ் எழுதியதை உங்களுக்குப் படித்துக் காட்டினார்களா என்று. "காட்டுனாங்க ஐயா. மலாய்ல. நான் தலையாட்டுனேன்." கடைசியில் 323, வெறும் கையால் காயப்படுத்தியது, அதிகபட்சம் ஒரு வருடம். அந்தப் பையன் அதற்குள் ஜாமீன் கட்ட ஆளில்லாமல் ஐந்து மாதம் உள்ளே இருந்திருந்தான்.

இதில் போலீஸ்காரர் பொய் எழுதினார் என்று நான் சொல்லவில்லை. விலாவில் கிழிசல், சாட்சி "குத்துனான்" என்கிறார், அவருக்குக் கத்திதான் தோன்றியிருக்கும். ஆனால் 112ஆம் பிரிவு என்ன சொல்கிறதோ அது நடக்கவில்லை: சொன்னவர் எந்த மொழியில் சொன்னாரோ அந்த மொழியில் படித்துக் காட்டி, திருத்த வாய்ப்புக் கொடுத்து, பிறகுதான் கையெழுத்தோ கைநாட்டோ வாங்க வேண்டும். 1974இல் அமெரிக்க உளவியலாளர் எலிசபெத் லாஃப்டஸ் செய்த சோதனை ஒன்றைப் பிற்பாடு படித்தபோது எனக்கு இந்தப் பாட்டி ஞாபகம்தான் வந்தது. கார் மோதுகிற படம் ஒன்றைக் காட்டி, ஒரு கூட்டத்திடம் "கார்கள் முட்டியபோது என்ன வேகம்?" என்றும் இன்னொரு கூட்டத்திடம் "நொறுங்க மோதியபோது என்ன வேகம்?" என்றும் கேட்டார்கள். ஒரு வாரம் கழித்து, உடைந்த கண்ணாடி பார்த்தீர்களா என்று கேட்டால், "முட்டிய" கூட்டத்தில் 50க்கு 7 பேர் பார்த்தேன் என்றார்கள், "நொறுங்க" கூட்டத்தில் 50க்கு 16 பேர். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. ஒரே மொழிக்குள்ளேயே ஒரு வினைச்சொல் இந்த வேலையைச் செய்கிறது. இரண்டு மொழி தாண்டி வந்தால் கேட்க வேண்டுமா?

உறவு முறையும் இப்படித்தான். சித்தப்பா, பெரியப்பா, தாய்மாமன், அத்தை வீட்டுக்காரர் எல்லோரும் மலாய்க் காகிதத்தில் 'பாக்சிக்' என்கிற ஒரே சொல் ஆகிவிடுவார்கள். மூன்று பாக்சிக் இருந்த வீட்டில் எந்தப் பாக்சிக் கதவைத் திறந்தார் என்று அரை நாள் விசாரித்திருக்கிறோம். லயத்தில் வயதில் மூத்த எல்லோரும் அண்ணன். "எங்க அண்ணன்தான் வந்தாரு" என்று சாட்சி சொன்னதை வைத்துக் கூடப் பிறந்தவனைத் தேடிப்போன ஐ.ஓ.வும் உண்டு. வந்தவர் மூன்று வீடு தள்ளி இருந்த தண்டல், தோட்டத்தில் வேலையை மேற்பார்க்கிறவர். "காலையில்" என்றால் ஆபீஸ்காரருக்கு எட்டு, ஒன்பது மணி. விடிவதற்கு முன் பெயர் கூப்பிடுகிற பெரட்டுக்குப் போகிற தோட்டத்து ஆளுக்கு அது அஞ்சு, அஞ்சரை, விளக்குப் போட்டுத்தான் ஆளைப் பார்க்க முடியும். அடையாளம் காட்டுகிற சாட்சியில் இந்த மூன்று மணி நேரம் எவ்வளவு பெரியது என்று சொல்ல வேண்டியதில்லை.

நிஜக் குற்றத்தை நடிகர்களை வைத்து நடித்துக் காட்டுகிறார்களே, அந்த நிகழ்ச்சிகளால் ஒரு தனிச் சிக்கல் உண்டு. ஒரு நகைப் பறிப்பு வழக்கில் ஒரு அக்கா, வந்தவன் கறுப்பு ஜாக்கெட் போட்டிருந்தான் என்று உறுதியாகச் சொன்னார். ரிப்போர்ட்டில் சட்டையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. கேட்டுக் கேட்டுப் பார்த்தால், அவர் பார்த்த ஏதோ ஒரு நிகழ்ச்சியில் மோட்டாரில் வந்த திருடன் போட்டிருந்தது அந்த ஜாக்கெட். அவர் பொய் சொல்லவில்லை. அவர் கண்ணுக்குள் அந்த ஜாக்கெட் நிஜமாகவே இருந்தது. இது எத்தனை பேருக்கு நடக்கிறது என்று நான் கணக்குச் சொல்லமாட்டேன், என் காதால் கேட்டது ஓரிரு முறைதான். ஆனால் உங்கள் பக்கத்து வீட்டுப் பாட்டியிடம் அம்மா அந்த நிகழ்ச்சிகளின் கதையை ஒப்பிட்டுப் பேசுவதைக் கொஞ்ச நாளைக்கு நிறுத்திவைக்கச் சொல்லுங்கள். அவர் இப்போதைக்கு உங்கள் ஒரே சாட்சி.

சரி, உங்கள் வழக்கு. ஐ.ஓ. சோம்பேறியா என்றால், உங்கள் ஐ.பி.யை, அதாவது விசாரணைக் கோப்பை நான் பார்த்ததில்லை, பார்க்காமல் ஒருவரைத் திட்ட எனக்கு உரிமை இல்லை. ஒரு ஐ.ஓ. கையில் ஒரே நேரத்தில் எத்தனை கோப்பு இருக்கும் என்று உங்களுக்குத் தெரிந்தால் கொஞ்சம் இரக்கம் வரும், கோபம் முழுதாகப் போகாது. சட்டத்தில் உங்களுக்கு ஒரு வழி இருக்கிறது. குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 107ஏ பிரிவின்படி, ரிப்போர்ட் கொடுத்து 4 வாரம் தாண்டினால் விசாரணை எந்த நிலையில் இருக்கிறது என்று கேட்டு எழுதலாம், 2 வாரத்துக்குள் அவர்கள் பதில் தர வேண்டும். வாரண்ட் இல்லாமல் பிடிக்கக்கூடிய குற்றங்களுக்குத்தான் இது, ராத்திரியில் கடையை உடைத்துத் திருடுவது அதில் அடங்கும். உங்களுக்கு இன்னும் 2 நாளில் 4 வாரம் முடிகிறது. கடிதம் மரியாதையாக, நாலு வரியில் இருக்கட்டும். ரிப்போர்ட் நம்பரை மேலே போடுங்கள். பதில் என்.எஃப்.ஏ. என்று வரலாம், மேல் நடவடிக்கை இல்லை என்று. அதற்கும் தயாராக இருங்கள்.

ஆனால் அதற்கு முன்னால், நான் சொன்ன அந்த உறுத்தல். "செவ்வாய்க்கிழமை ராத்திரி 2 மணி" என்று எழுதியிருக்கிறீர்கள். நமக்கு விடிகிற வரைக்கும் அது செவ்வாய் ராத்திரிதான். காலண்டர்படி அது புதன்கிழமை, விடிகாலை 2 மணி. இந்த இடத்தில் நானே வழுக்கி விழுந்திருக்கிறேன். என் நாலாவது வருடம், ஒரு வீடு புகுந்த வழக்கில் சாட்சி இதே மாதிரி சொன்னதை "செவ்வாய்க்கிழமை அதிகாலை 2 மணி" என்று மொழிபெயர்த்துவிட்டேன். குற்றம் சாட்டப்பட்டவன் அந்த நேரத்தில் ஆஸ்பத்திரி வார்டில் இருந்ததற்குச் சீட்டோடு எழுந்தார் வழக்கறிஞர். ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை. மறுநாள் காலையில் கோர்ட் உட்கார்ந்ததும் எழுந்து நின்று, தவறு என்னுடையது என்று சொன்னேன். சாட்சியைத் திரும்ப அழைத்தார்கள். ஆனால் கோர்ட் வரைக்கும் வந்ததால்தான் அதைத் திருத்த முடிந்தது.

மலாயில் இன்னொரு மடிப்பு இருக்கிறது. அவர்கள் வழக்கத்தில் நாள் பொழுது சாய்ந்ததும் மாறிவிடும். 'மாலம் ஜுமாஆத்' என்றால் வெள்ளிக்கிழமை ராத்திரி இல்லை, வியாழக்கிழமை ராத்திரி. அப்படியென்றால் 'மாலம் செலாசா', சொல்லுக்குச் சொல் செவ்வாய் ராத்திரி, உண்மையில் திங்கள் ராத்திரி. அப்பா தமிழில் நினைத்து மலாயில் 'மாலம் செலாசா, புக்குல் டுவா' என்று சொல்லியிருந்தால், கேட்டவர் அதைத் திங்கள் ராத்திரி தாண்டிய 2 மணி, அதாவது செவ்வாய் விடிகாலை என்றுதான் எழுதியிருப்பார். ஒரு நாள் முழுதாக முன்னால் போய்விட்டது. வேறு கடையாக இருந்தால், பகல் முழுக்கக் கடை திறந்திருந்ததே, ஏன் புதன்கிழமை வந்து ரிப்போர்ட் கொடுக்கிறீர்கள் என்று யாராவது கேட்டிருப்பார்கள். செவ்வாய் உங்களுக்கு விடுமுறை, யாருக்கும் சந்தேகம் வர வழியில்லை. ஐ.ஓ. இரும்புக் கடைக் கேமராவில் பார்த்தது எந்த ராத்திரியை? பூனைகூடப் போகாததற்குக் காரணம் இதுவாக இருக்கலாம். இல்லாமலும் இருக்கலாம், அவர் சரியான நாளையே பார்த்திருந்து, திருடன் பின்பக்கச் சந்து வழியாக வந்திருக்கலாம். அதைக் காகிதத்தைப் பார்த்தால்தான் சொல்ல முடியும்.

அப்பாவிடம் ரிப்போர்ட் நகல் இருக்கும். அதில் கிழமையோடு தேதி எப்படி எழுதியிருக்கிறது என்று பாருங்கள், பாட்டியையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு. தேதி தப்பாக இருந்தால் நகலைத் திருத்த வேண்டாம், ஸ்டேஷனுக்குப் போய் முதல் ரிப்போர்ட்டின் நம்பரைக் குறிப்பிட்டு இன்னொரு ரிப்போர்ட் கொடுத்து விளக்குங்கள். மலாயில் எழுதியதைத் தமிழில் சொல்லிக் காட்டச் சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போடச் சொல்லுங்கள் அப்பாவை. ஆனால் அதெல்லாம் நாளைக்கு. இன்றைக்கு முதல் வேலையாக இரும்புக் கடைக்குப் போய், புதன்கிழமை விடிகாலை 1 மணியிலிருந்து 3 மணி வரை உள்ள பதிவு இன்னும் இருக்கிறதா என்று கேளுங்கள். இருந்தால் அவர் அதைத் தொடாமல் அப்படியே வைத்திருக்கட்டும், நீங்களும் கைப்பேசியில் படம்பிடித்து வாட்ஸ்அப்பில் அனுப்பிவிடாதீர்கள், ஐ.ஓ.வைக் கூப்பிடுங்கள். அந்தப் பெட்டிகளில் பல, ஒரு மாதத்தில் பழையதை அழித்து அதன் மேலேயே எழுதிக்கொண்டு போகும். 26 நாள் ஆகிவிட்டது என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள்.